'குற்றம் செய்யலன்னா விசாரணையைச் சந்திக்க வேண்டியதுதானே?' என்று கேட்பவர்களுக்கு



போராட்ட வழக்கை ரத்து செய்யச் சொல்லி நம்ம தோழர்கள் உயர் நீதிமன்றத்துக்குப் போனாங்கன்னு ஒரு செய்தி வந்தாப் போதும். அடுத்த பத்து நிமிஷத்துல கமெண்ட்ல ஒரு பட்டாளமே இறங்கிடும். "மடியில கனமில்லன்னா வழியில எதுக்குப் பயம்?", "யோக்கியன்னா கோர்ட்ல நின்னு நிரூபிக்க வேண்டியதுதானே?", "குவாஷ் போட்டு ஓடுறாங்க பாரு!" அதுக்கு ரெண்டு மீம், நூறு ஷேர்.

இதைக் கேக்குற எல்லாரும் கெட்ட எண்ணத்துல கேக்கல. நிறைய பேருக்கு குவாஷ்னா என்னன்னே தெரியாது. டிவியில பெரிய மனுஷங்க பேரோட சேர்த்துத்தான் அந்த வார்த்தையைக் கேட்டிருப்பாங்க. அதனால திட்டாம, நிதானமாவே பதில் சொல்லிடுவோம். பதிவு நீளம்தான். சேவ் பண்ணி வச்சாவது படிங்க. நாளைக்கு உங்க தெருவுல ஒருத்தருக்குத் தேவைப்படும்.

குவாஷ்னா என்ன?

ஒரு குற்ற வழக்கு, விசாரணைக்கு வர்றதுக்கு முன்னாடியே முடியணும்னா மூணு கதவு இருக்கு.

முதல் கதவு, ரத்து மனு. இதைத்தான் குவாஷ்னு சொல்றோம். உயர் நீதிமன்றத்துக்கு மட்டுமே இந்த அதிகாரம். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்துல 482-வது பிரிவு. 2024 ஜூலை 1-க்குப் பிறகு வந்த பி.என்.எஸ்.எஸ். சட்டத்துல 528-வது பிரிவு. சட்ட நடைமுறை தவறாகப் பயன்படுத்தப்படுவதைத் தடுக்கவும், நீதியை நிலைநாட்டவும் உயர் நீதிமன்றத்துக்கு இயல்பாகவே இருக்கும் அதிகாரம் இது. நேத்து எவனோ கண்டுபிடிச்ச ஓட்டை இல்ல. வெள்ளைக்காரன் காலத்துலயே, 1923-ல, 561-ஏ-ன்னு சட்டப் புத்தகத்துல ஏறினது.

ரெண்டாவது கதவு, விடுவிப்பு மனு. குற்றப்பத்திரிகை தாக்கலான பிறகு, விசாரணை நீதிமன்றத்திலேயே "இந்த ஆவணங்களை அப்படியே வச்சுப் பாத்தாக்கூட என் மேல குற்றச்சாட்டு நிக்காது"ன்னு கேக்குறது.

மூணாவது கதவு, அரசாங்கமே வழக்கை வாபஸ் வாங்குறது. அரசு வழக்கறிஞர் மனு போடணும், நீதிமன்றம் சம்மதிக்கணும்.

இதுல முதல் கதவைத் தட்டினா உடனே திறந்துடுமா? இல்ல. எப்ப ரத்து செய்யலாம்னு உச்ச நீதிமன்றம் 1990 நவம்பர்ல ஹரியானா அரசு - பஜன்லால் வழக்குல ஏழு வகையாப் பிரிச்சு உதாரணம் காட்டியிருக்கு. எப்.ஐ.ஆர்.ல எழுதியிருக்கிறது அத்தனையும் உண்மைன்னே வச்சுக்கிட்டாலும் அதுல குற்றம்னு ஒண்ணு இல்லன்னா ரத்து செய்யலாம். இந்த வழக்கை இப்படிப் பதியவே கூடாதுன்னு சட்டத்துலயே தடை இருந்தா ரத்து செய்யலாம். பழிவாங்கும் நோக்கத்தோட போட்டதுன்னு வெளிப்படையாத் தெரிஞ்சா ரத்து செய்யலாம். இப்படி ஏழு. அதையும் அபூர்வமாத்தான் பயன்படுத்தணும்னு அதே தீர்ப்பு எச்சரிக்குது.

ஒரு விஷயம் தெரியுமா? அந்த பஜன்லால் வழக்குலயே, முன்னாள் முதல்வர் மேல இருந்த எப்.ஐ.ஆர்.ஐ உயர் நீதிமன்றம் ரத்து செஞ்சது தப்புன்னு சொல்லித்தான் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளிச்சது. புலனாய்வு செஞ்ச இன்ஸ்பெக்டருக்கு முறையான அனுமதி இல்லங்கிறதால அந்தப் புலனாய்வு மட்டும் செல்லாம போச்சு. ஊரெல்லாம் எந்தத் தீர்ப்பைக் காட்டி ரத்து கேக்குதோ, அந்தத் தீர்ப்புலயே எப்.ஐ.ஆர். ரத்தாகல! இது சும்மா ஓடி ஒளியுற சந்துன்னா இப்படி நடந்திருக்குமா?

கோடிங் தெரிஞ்ச பசங்களுக்கு ஒரே வரியில சொல்றேன். கம்பைலே ஆகாத புரோகிராமை "பரவால்ல, எட்டு வருஷம் ஓட்டிப் பாரு, அவுட்புட் என்ன வருதுன்னு பாப்போம்"னு எவனாச்சும் சொல்லுவானா? எப்.ஐ.ஆர்.லயே குற்றம் இல்லன்னா, அதுக்கு அப்புறம் சாட்சி எதுக்கு, குறுக்கு விசாரணை எதுக்கு?

"சரி, விசாரணையைச் சந்திச்சா என்ன குறைஞ்சு போச்சு?"

இதுதான் மெயின் கேள்வி. நீதிமன்றப் படி ஏறாதவங்களுக்கு இந்தக் கேள்வி ரொம்ப எளிமையாத் தெரியும். ஏறினவங்களைக் கேளுங்க.

சம்மன் வந்த நாள்லேருந்து ஒவ்வொரு வாய்தாவுக்கும் நேர்ல போகணும். தினக்கூலி வேலைக்குப் போறவருக்கு ஒரு வாய்தான்னா ஒரு நாள் கூலி போச்சு, பஸ் காசு போச்சு, வக்கீல் ஃபீஸ் தனி. அன்னைக்கு இன்ஸ்பெக்டர் பந்தோபஸ்து டியூட்டியில இருப்பார், வழக்கு தள்ளிப்போகும். அடுத்த தடவை சாட்சி வரமாட்டார். அதுக்கு அடுத்த தடவை மாஜிஸ்திரேட் மாறுதலாகியிருப்பார். ஒரு தடவை போகாம விட்டா வாரண்ட்.

பாஸ்போர்ட் எடுக்கப் போனா, 1967-ஆம் ஆண்டு பாஸ்போர்ட் சட்டத்தின் 6-வது பிரிவு குறுக்க நிக்கும். குற்றவியல் நீதிமன்றத்துல வழக்கு நிலுவையில இருந்தா மறுக்கலாம். நீதிமன்றத்துல தனியா மனு போட்டு அனுமதி வாங்கிட்டு வரணும். சவுதிக்கோ சிங்கப்பூருக்கோ வேலைக்குப் போக டிக்கெட் வரைக்கும் வந்த பையன், ரோட்டுல பத்து நிமிஷம் உக்காந்ததுக்காக இங்கயே நிப்பான்.

போலீஸ் வேலைக்கு ஓடி ஓடித் தயாராகுற தம்பிங்க நம்மகிட்ட எத்தனை பேர் இருக்காங்க! அவங்க கவனிங்க. தமிழ்நாடு காவல் சார்நிலைப் பணி விதிகள்படி, குற்ற வழக்குல சம்பந்தப்பட்டவருக்கு வேலை கிடையாது. இதுல கொடுமை என்னன்னா, "சந்தேகத்தின் பலனை அளித்து விடுதலை"ன்னு தீர்ப்பு வந்தாக்கூட, அவர் சம்பந்தப்பட்டவர் கணக்குலதான் வருவார். 2008-ல சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வே இதை உறுதி செஞ்சிருக்கு. அதாவது, நீங்க சொன்ன மாதிரியே யோக்கியனா விசாரணையைச் சந்திச்சு, பல வருஷம் அலைஞ்சு, ஜெயிச்சும் வந்துட்டான். அப்பவும் வேலை இல்ல! அதுக்குள்ள வயசு வரம்பும் தாண்டியிருக்கும்.

இப்ப சொல்லுங்க, வழியில பயம் எதுக்குன்னு. மடியில கனம் இல்லாதவன் வழியிலயும் முள்ளைக் கொட்டி வச்சிருக்காங்க. அதை அள்ளச் சொல்றதுக்குப் பேரு பயமா?

நாலு வழக்கு, நாலு பாடம்

எல்லாம் நீதிமன்றப் பதிவுல இருக்கிற விஷயங்கள். சரிபாத்துக்கலாம்.

ஒண்ணு. 2021. மதுரை மாவட்டம் வாடிப்பட்டி. அறுபது வயசைத் தாண்டிய இடதுசாரிக் கட்சி நிர்வாகி ஒருவர் குடும்பத்தோட சிறுமலைக்குச் சுற்றுலா போறார். எடுத்த போட்டோக்களை முகநூல்ல போட்டு, "துப்பாக்கிப் பயிற்சிக்காக சிறுமலை பயணம்"னு கிண்டலா எழுதுறார். அதுக்கு வழக்கு! நாட்டுக்கு எதிராகப் போர் தொடுக்க ஆயுதம் சேகரிச்சதா ஒரு பிரிவு உட்பட. கைது பண்ணிக் கொண்டுபோனா, வாடிப்பட்டி மாஜிஸ்திரேட் ரிமாண்ட் பண்ண மறுத்துட்டார். அந்த மாஜிஸ்திரேட்டுக்கு ஒரு சல்யூட். அப்புறம் மதுரைக் கிளையில நீதிபதி ஜி.ஆர்.சுவாமிநாதன் எப்.ஐ.ஆர்.ஐயே ரத்து செஞ்சார். சிரிக்கிறதையும் ஒரு அடிப்படைக் கடமையா அரசியல் சட்டத்துல சேர்க்கலாம்ங்கிற மாதிரி அந்தத் தீர்ப்பு பேசினது பெரிய செய்தியாச்சு. எல்லாரும் ரசிச்சோம். ஆனா யோசிங்க. அவர் ரத்து மனு போடாம, உங்க பேச்சைக் கேட்டு "விசாரணையைச் சந்திக்கிறேன்"னு இருந்திருந்தா? ஒரு ஜோக்குக்காக, எந்தத் துப்பாக்கியும் இல்லாத வழக்குல, 'போர் தொடுத்தவர்'ங்கிற பேரோட கோர்ட் வராண்டாவுல நின்னிருப்பார்.

ரெண்டு. 2018. கரூர் மாவட்டம் வேலாயுதம்பாளையம் காவல் நிலையத்துல பதிஞ்ச வழக்கு. 188-வது பிரிவு, அதாவது அரசு அதிகாரியின் உத்தரவை மீறியது. நம்ம எல்லாருக்கும் பழக்கமான நம்பர்! எந்தப் போராட்டம் நடந்தாலும் போலீஸ் முதல்ல எழுதுறது அதைத்தான். மதுரைக் கிளையில நீதிபதி என்.ஆனந்த் வெங்கடேஷ் தெளிவா சொன்னார்: 188-க்கு போலீஸ் தானா எப்.ஐ.ஆர். போட முடியாது. உத்தரவு போட்ட அதிகாரி எழுத்துமூலமா மாஜிஸ்திரேட்கிட்ட புகார் கொடுக்கணும். குற்றவியல் நடைமுறைச் சட்டம் 195-வது பிரிவு அப்படித்தான் சொல்லுது. அமைதியாப் போராடுறது குற்றமும் இல்ல. டி.ஜி.பி. வரைக்கும் வழிகாட்டுதல் போச்சு.

அதுக்கப்புறம் நின்னுச்சா? கொரோனா ஊரடங்குல அதே 188 லட்சக்கணக்குல பதிவாச்சு. இப்ப புதுச் சட்டத்துல 188-க்குப் பதிலா 223. அதிகாரிதான் புகார் கொடுக்கணும்ங்கிற விதி மாறல, பி.என்.எஸ்.எஸ். 215-வது பிரிவுல அப்படியே இருக்கு. நம்பர் மாறிச்சு, சட்டம் மாறல. ஸ்டேஷன் பழக்கம்தான் மாற மாட்டேங்குது.

மூணு. 2020 மே. பத்திரிகைகள் மேலயும் ஆசிரியர்கள் மேலயும் 2012-ல அன்றைய தமிழ்நாடு அரசு போட்ட அவதூறு வழக்குகளை நீதிபதி அப்துல் குத்தூஸ் ரத்து செஞ்சார். தனி மனுஷன் மாதிரி அரசாங்கம் எடுத்ததுக்கெல்லாம் கோபப்பட்டு வழக்கு போடக் கூடாது, அரசு வழக்கறிஞர் சொந்தமா யோசிக்காத தபால் ஆபீஸ் மாதிரி இருக்கக் கூடாதுன்னு சொன்னார். நல்ல தீர்ப்புதான். ஆனா 2012-லேருந்து 2020. எட்டு வருஷம்! பெரிய பத்திரிகைக்கே எட்டு வருஷம்னா, வாடகை வீட்டுல உக்காந்து போஸ்ட் போடுற நம்ம தங்கச்சிக்கு எத்தனை வருஷம்?

நாலு. 2025. குஜராத் மாநிலம் ஜாம்நகர். ஒரு கவிதையை வீடியோவோட பகிர்ந்ததுக்காக மாநிலங்களவை உறுப்பினர் இம்ரான் பிரதாப்கடி மேல எப்.ஐ.ஆர். "புலனாய்வு ஆரம்பக் கட்டத்துல இருக்கு, இப்பவே தலையிட முடியாது"ன்னு குஜராத் உயர் நீதிமன்றம் சொல்லிடுச்சு. மார்ச் 28-ஆம் தேதி உச்ச நீதிமன்றம் அந்த எப்.ஐ.ஆர்.ஐ ரத்து செஞ்சு, ஆரம்பக் கட்டம்ங்கிற ஒரே காரணத்துக்காக உயர் நீதிமன்றம் கையைக் கட்டிக்கிட்டு இருக்கணும்னு எந்த விதியும் இல்லன்னு சொல்லிச்சு. இன்னொண்ணும் சொல்லிச்சு. மூணு வருஷமோ அதுக்கு மேலயோ, ஆனா ஏழு வருஷத்துக்குக் கீழ தண்டனை இருக்கிற பேச்சு, எழுத்து தொடர்பான புகார்கள்ல, எப்.ஐ.ஆர். போடுறதுக்கு முன்னாடி பி.என்.எஸ்.எஸ். 173(3)-ன்படி முதற்கட்ட விசாரணை நடத்துறதுதான் பொருத்தம். அதுக்குச் சட்டம் கொடுக்கிற நேரம் 14 நாள். வாட்ஸ்அப் ஃபார்வர்டுக்கு ராத்திரி 2 மணிக்கு வீட்டுக் கதவைத் தட்டுற சைபர் கிரைம் அதிகாரிகள் இதைப் படிச்சா நல்லது.

"அதான் அரசாங்கமே வாபஸ் வாங்குதே?"

இப்படியும் ஒரு குரல் வரும். வாங்கத்தான் செஞ்சாங்க. 2021 பிப்ரவரியில, சட்டமன்றத் தேர்தலுக்கு முன்னாடி, அ.தி.மு.க. அரசு ஊரடங்கு வழக்குகள் சுமார் 10 லட்சத்தை வாபஸ் வாங்குறோம்னு அறிவிச்சது. ஆட்சி மாறினதும் அதே வருஷம் தி.மு.க. அரசு, வேளாண் சட்டம், குடியுரிமைச் சட்டம், எட்டு வழிச் சாலை எதிர்ப்புப் போராட்டங்கள்ல போட்ட 5,500-க்கும் மேற்பட்ட வழக்குகளை வாபஸ் வாங்கினது. ரெண்டையுமே வரவேற்கிறோம். அதுல எத்தனையோ குடும்பம் மூச்சு விட்டுச்சு.

ஆனா ஒரு கேள்வி. வாபஸ் வாங்கக்கூடிய வழக்கை எதுக்குப் போட்டீங்க? போடுறதும் நீங்க, எடுக்கிறதும் நீங்க. நடுவுல நாலு வருஷம் அலைஞ்சவன் மட்டும் நாங்க. வாபஸ் வாங்கிட்டு அதுக்கும் நன்றி அறிவிப்புக் கூட்டம்!

வாபஸ் ஆட்சியாளர் போடுற பிச்சை. ரத்து, குடிமகன் கேட்டு வாங்குற உரிமை. வாபஸ் வாங்கும்போது "இந்த வழக்கே தப்பு"ன்னு யாரும் ஒப்புக்கறதில்ல. போட்ட அதிகாரிக்கு ஒரு கேள்வி கிடையாது. அடுத்த வாரம் வேற ஊர்ல, வேற ஆள் மேல அதே வழக்கைப் போடுவாங்க. ரத்துத் தீர்ப்பு அப்படி இல்ல. காரணத்தோட எழுத்துல வரும். வேலாயுதம்பாளையத்துக்கு வந்த தீர்ப்பை ராமநாதபுரத்துக்காரர் காட்டலாம், திருவள்ளூர்க்காரர் காட்டலாம். அதனாலதான் சொல்றோம், ரத்து மனு போடுற தோழர் தனக்காக மட்டும் போடல.

பெரிய மனுஷங்க விஷயத்துக்கு வருவோம்

நம்ம மேல கேக்குற அடுத்த கேள்வி: "ஊழல் பண்றவனும் இதே கதவு வழியாத்தானே தப்பிக்கிறான்?" நியாயமான கேள்வி. மழுப்ப மாட்டோம்.

இந்த மாநிலத்துல ஒரு சொத்துக்குவிப்பு வழக்கு 1996-ல பதிவாகி, தீர்ப்பு வந்தது 2014 செப்டம்பர் 27-ல. பதினெட்டு வருஷம். நடுவுல வழக்கு பெங்களூருக்கே போச்சு. எத்தனை இடைக்கால மனு, எத்தனை தள்ளிவைப்பு! உச்ச நீதிமன்றத்தின் கடைசித் தீர்ப்பு 2017 பிப்ரவரியில வந்தப்ப முதல் குற்றவாளியா இருந்த முன்னாள் முதல்வர் ஜெயலலிதா உயிரோடவே இல்ல.

2021-ல ஆட்சிக்கு வந்த தி.மு.க.வும் சளைச்சதில்ல. சில அமைச்சர்கள் ஊழல் வழக்குகள்லேருந்து விசாரணைக்கு முன்னாடியே விடுவிக்கப்பட்ட விதத்தைப் பாத்து, 2023-ல உயர் நீதிமன்றமே தானா முன்வந்து அதை மறுஆய்வுக்கு எடுத்தது. எடுத்தவர் யாருன்னு நினைக்கிறீங்க? 188 தீர்ப்பு எழுதின அதே நீதிபதி ஆனந்த் வெங்கடேஷ். 2024 ஆகஸ்டுல ரெண்டு அமைச்சர்களின் விடுவிப்பை அவர் ரத்து செஞ்சார். அந்த உத்தரவுக்கு உச்ச நீதிமன்றம் இடைக்காலத் தடை கொடுத்தது. முடிவை நீதிமன்றம் சொல்லட்டும். நாம கவனிக்க வேண்டியது, அமைதியாப் போராடினவனுக்கு விசாரணையே வேண்டாம்னு சொன்ன அதே பேனா, அதிகாரத்துல இருக்கிறவர் விசாரணையைச் சந்திக்கணும்னும் எழுதினது. ரெண்டும் முரண் இல்ல. ரெண்டும் ஒரே நியாயம்.

ஏன்னா வித்தியாசம் மனுவுல இல்ல, மனுவுக்குள்ள என்ன இருக்குங்கிறதுல இருக்கு. "எப்.ஐ.ஆர்.ல குற்றமே இல்ல, இன்னைக்கே விசாரிச்சு முடிவு சொல்லுங்க"ன்னு கேக்குறது ஒரு வகை. "ஸ்டே கொடுங்க, மத்ததை அப்புறம் பாத்துக்கலாம்"னு கேக்குறது இன்னொரு வகை. முதல் ஆளுக்கு வேகம் வேணும். ரெண்டாவது ஆளுக்குத் தாமதம் வேணும். இதை வச்சே ஆளைக் கண்டுபிடிச்சிடலாம்.

ஸ்டே வாங்கித் தூங்குறதைத் தடுக்க, 2018-ல உச்ச நீதிமன்றம் ஒரு வழி சொன்னது: ஆறு மாசத்துல ஸ்டே தானாக் காலாவதி ஆயிடும். ஆனா நீதிமன்றம் பட்டியல்ல எடுக்காத தப்புக்கு மனுதாரரைத் தண்டிக்கிற மாதிரி ஆகுதேன்னு, 2024 பிப்ரவரி 29-ல ஐந்து நீதிபதிகள் அமர்வு அதை மாத்திடுச்சு. சட்டப்படி அது சரிதான். ஆனா அதோட விளைவா, ஸ்டே எத்தனை வருஷம் நிக்கும்ங்கிறது மறுபடி பட்டியல் போடுற கையிலதான் இருக்கு. அதனாலதான் அரசியல்வாதிகள் வாங்கின ஸ்டேக்களை முதல்ல விசாரிங்கன்னு கேக்குறோம். நம்ம கட்சிக்காரர் யாராவது அப்படி ஸ்டே வாங்கி வச்சிருந்தா, அதையும் சேர்த்தே விசாரிக்கட்டும்.

வேகத்துலயும் ஒரு பாகுபாடு இருக்கு. 2020 நவம்பர் 4-ல கைதான ஒரு டிவி ஆசிரியருக்கு, அவரோட ரத்து மனு மும்பை உயர் நீதிமன்றத்துல நிலுவையில இருக்கும்போதே, 11-ஆம் தேதி உச்ச நீதிமன்றம் இடைக்கால ஜாமீன் கொடுத்தது. ஒரே வாரம். அதை நாங்க தப்புன்னு சொல்லல. தனிமனித சுதந்திரம் ஒரு நாள் பறிபோனாலும் அது அதிகம்தான். அந்த ஒரு வாரம் கூடங்குளத்து மீனவருக்கும், தூத்துக்குடித் தொழிலாளிக்கும் ஏன் கிடைக்கலங்கிறதுதான் கேள்வி.

இன்னொண்ணும் சொல்லிடுறோம். சமரசம்னு சொல்லி எல்லா வழக்கையும் ரத்து செய்யறதுக்கு நாங்க ஆதரவு இல்ல. கொலை, பாலியல் வன்கொடுமை, ஊழல் மாதிரி சமூகத்தையே பாதிக்கிற குற்றங்களை ரெண்டு பேர் பேசி முடிச்சுக்க முடியாதுன்னு 2012-ல கியான் சிங் வழக்குலயே உச்ச நீதிமன்றம் சொல்லிடுச்சு. வன்கொடுமைத் தடுப்புச் சட்ட வழக்குகள்ல கூட சில சூழ்நிலைகள்ல சமரசத்தை ஏத்துக்கலாம்னு 2021-ல ஒரு தீர்ப்பு வந்திருக்கு. அதுவும், சாதிக் காரணமில்லாத தனிப்பட்ட தகராறுன்னு தெரிஞ்சா, மிரட்டல் இல்லன்னு உறுதியானா மட்டும். இங்கதான் கண்கொத்திப் பாம்பா இருக்கணும். ஊர்ப் பஞ்சாயத்துல உக்கார வச்சு, தண்ணியை நிறுத்தி, வேலையை நிறுத்தி வாங்குற கையெழுத்துக்குப் பேரு சமரசம் இல்ல. அப்படி ஒரு ரத்து மனு வந்தா, பாதிக்கப்பட்டவங்க பக்கம் நின்னு எதிர்க்க வேண்டியது நம்ம வேலை.

எங்கள் கோரிக்கைகள்

1. 2018 தீர்ப்புக்கு விரோதமாக, அதிகாரியின் எழுத்துப் புகார் இல்லாமல் பதிவான 188 மற்றும் 223 வழக்குகளைக் காவல் துறையே மாவட்ட வாரியாகப் பட்டியலிட்டு முடித்துவைக்க வேண்டும். தேர்தல் வரும் வரை காத்திருக்கக் கூடாது.

2. தீர்ப்பு தெரிந்தும் அப்படி வழக்குப் பதியும் அதிகாரியிடம் துறை ரீதியாக விளக்கம் கேட்க வேண்டும்.

3. பேச்சு, எழுத்து, அமைதிப் போராட்டம் தொடர்பான ரத்து மனுக்களையும், மக்கள் பிரதிநிதிகள் பெற்றுள்ள தடை உத்தரவுகளையும் காலக்கெடு வைத்து விசாரிக்க உயர் நீதிமன்றத்தைப் பணிவோடு கேட்டுக்கொள்கிறோம்.

4. ரத்து அல்லது விடுதலை ஆன போராட்ட வழக்குகளைக் காட்டி அரசு வேலை மறுக்கும் விதியைத் திருத்த வேண்டும்.

தோழர்கள் கவனத்துக்கு

உங்க மேல வழக்கு இருக்குன்னு கேள்விப்பட்டா முதல்ல எப்.ஐ.ஆர். நகலை எடுங்க. 2016-ல உச்ச நீதிமன்றம் உத்தரவுப்படி, பாலியல் குற்றம், பயங்கரவாதம் மாதிரி சில வகை தவிர மத்த எப்.ஐ.ஆர்.கள் இணையத்துல ஏத்தப்படணும். என்ன பிரிவு, யார் புகார்னு பாருங்க. 223 மட்டும் இருந்து, புகார்தாரர் இன்ஸ்பெக்டர்னா, 2018 தீர்ப்பை வக்கீல்கிட்ட ஞாபகப்படுத்துங்க.

ரத்து மனு போட்டுட்டா கைது நடக்காதுன்னு நினைச்சிடாதீங்க. அதுக்கு முன்ஜாமீன் தனி. ரத்து மனுவைத் தள்ளுபடி செஞ்சுக்கிட்டே "கைது செய்யாதே"ன்னு பொத்தாம்பொதுவா உத்தரவு போடக் கூடாதுன்னு 2021-லயே உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கு.

குற்றப்பத்திரிகை வந்துட்டா நாளை எண்ணுங்க. புதுச் சட்டத்துல விடுவிப்பு மனுவுக்கு 60 நாள்தான். மாஜிஸ்திரேட் கோர்ட்ல குற்றப்பத்திரிகை அடிப்படையிலான வாரண்ட் வழக்குன்னா, ஆவண நகல் கையில வாங்கின நாள்லேருந்து கணக்கு.

காசு இல்லன்னு விட்டுடாதீங்க. பெண்கள், பட்டியலின, பழங்குடி மக்கள், காவலில் இருப்பவர்கள், வருமான வரம்புக்குக் கீழ இருப்பவர்கள் எல்லாருக்கும் 1987-ஆம் ஆண்டு சட்டப்பணிகள் ஆணைக்குழுச் சட்டம் 12-வது பிரிவுப்படி இலவச வக்கீல் உண்டு. உயர் நீதிமன்ற வழக்குக்கும் உண்டு. உதவி எண் 15100. சலுகைன்னு கூச்சப்படாம கேளுங்க.

கடைசியா, கமெண்ட்ல கேட்ட அந்த அண்ணனுக்கு. விசாரணையைச் சந்திக்க எங்களுக்குப் பயம் இல்ல. குற்றம்னு ஒண்ணைக் காட்டுங்க, எத்தனை வாய்தா வேணும்னாலும் வந்து நிக்கிறோம். காட்டவே முடியாத குற்றத்துக்கு ஒரு வாய்தா கூட அதிகம். அதைச் சொல்லத்தான் உயர் நீதிமன்றப் படி ஏறுறோம். நாளைக்கு உங்க பையன் பேருல ஒரு எப்.ஐ.ஆர். வந்தா, நீங்களும் அதே படிதான் ஏறுவீங்க. அன்னைக்கு உங்களைப் பாத்து "ஓடுறாரு பாரு"ன்னு நாங்க சொல்ல மாட்டோம். மனுவை எழுதக் கூட நிப்போம்.

படிச்சவங்க பகிருங்க. வழக்கு வச்சிருக்கிற ஒருத்தருக்காவது போய்ச் சேரட்டும்.

- தகவல் தொழில்நுட்ப அணி

#ரத்துஎங்கள்உரிமை #பொய்வழக்குகளைமுடி